ஷிப்ட்டு வீடு

அந்தத் தெருவில் யாரிடம் வழி கேட்டாலும், "ஷிப்ட்டு வீட்டைத் தாண்டி மூணாவது", "ஷிப்ட்டு வீட்டுக்கு எதிர்ல" என்றுதான் சொல்வார்கள். அந்தப் பேரை முதலில் வைத்தவர் யாரென்று தெரியாது, ஆனால் விஷயம் தெரிந்த ஆள்தான். அந்த வீட்டில் புருஷனும் பெண்டாட்டியும் ஒரே நேரத்தில் முழித்திருந்து பார்த்தவர்கள் தெருவில் குறைவு.

புருஷன் ரொட்டிக்காரர். ஊருக்கே ரொட்டி போடும் பெரிய பேக்கரியில் ராத்திரி அடுப்பு அவர் பொறுப்பு. சாயங்காலம் போனால் விடிந்துதான் திரும்புவார். பெண்டாட்டிக்கு ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் பகல் வேலை. அவர் தெருமுனையில் திரும்பி வரும்போது அவள் வாசற்கதவைச் சாத்திக்கொண்டு நிற்பாள். அவர் சூடாக ஒரு ரொட்டியை அவள் கையில் கொடுப்பார். அவள் சாவியை அவர் கையில் கொடுப்பாள்.

"பருப்பு வச்சிருக்கேன். சுட வச்சுச் சாப்பிடுங்க."

"ம்."

"கேஸ்காரன் வந்தா காலி சிலிண்டரைக் குடுத்துடுங்க. தூங்கிடாதீங்க."

"சரி மந்திரி."

அந்த வீட்டுக்கு வந்த இருபது வருஷத்தில் அவர்கள் பேசிய பேச்சில் முக்கால்வாசி இந்த வாசலில் நின்று பேசியதுதான். வாரத்தில் ஒரு நாள் லீவாவது ஒன்றாக வந்ததா என்றால் அதுவும் இல்லை. ஞாயிற்றுக்கிழமை ஊருக்கு ரொட்டி அதிகம் வேண்டும், அதனால் அவருக்குப் புதன்கிழமை, அதையும் இருட்டும் வரை தூங்கியே தீர்ப்பார். அவளுக்கு ஞாயிறு.

மந்திரி என்பது அவர் வைத்த பேர். வீட்டின் நிதிமந்திரி அவள்தான். சம்பளக் கவரைப் பிரிக்காமல் அப்படியே அவளிடம் கொடுத்துவிட்டுத் தன் டீக்காசுக்குக் கை நீட்டுவார். நாளடைவில் தெருவும் அவளை மந்திரியம்மா என்றே கூப்பிட்டது. அவளுக்கும் அதில் பெருமைதான். காய்கறிக்காரன் அவளைக் கண்டால் விலையைக் கொஞ்சம் ஏற்றியே சொல்லுவான், எப்படியும் குறைக்கப் போகிறாள் என்று. எதை வாங்கினாலும் அவள் கேட்பது ஒரே கேள்வி: "மாசத்துக்கு எவ்வளவு?" மிக்சி, மகளுடைய காலேஜ் பீஸ், வீடு, எல்லாவற்றுக்கும் அதே அளவுகோல். மாசத்துக்குள் அடங்கினால் சரி. அடங்காவிட்டால் அந்தப் பக்கமே திரும்பிப் பார்க்க மாட்டாள்.

வீடு அப்படித்தான் வந்தது. இரண்டு அறை, ஒரு சமையலறை, பின்பக்கம் துணி காயப்போடக் கொஞ்சம் இடம். மாசத் தவணையைக் கேட்டதும் கணக்குப் போட்டாள். அவர் பகல் சம்பளத்தில் முடியாது, ராத்திரி அடுப்புக்குக் கூடுதல் பணம் உண்டு, அதைச் சேர்த்தால் முடியும். "இருபது வருஷம்தானே. கடன் முடியட்டும், நீங்க பகலுக்கு மாறிக்கலாம்" என்றாள். அவர் சரி என்றார். அன்றிலிருந்து "கடன் முடியட்டும்" என்பதுதான் அந்த வீட்டின் பதில். கடலைப் பார்க்கப் போக வேண்டும் என்று மகள் கேட்டால், கடன் முடியட்டும். அவருக்குத் தோள்பட்டை வலிக்கிறது, டாக்டரிடம் ஒழுங்காகக் காட்ட வேண்டும் என்றால், கடன் முடியட்டும். இன்னொரு பிள்ளை வேண்டும் என்று அவளுக்கே ஒரு காலத்தில் ஆசை இருந்தது. அதையும் முடியட்டும் முடியட்டும் என்று தள்ளினாள், உடம்பு அதற்குள் முடித்துக்கொண்டது.

பகலில் அவர் தூங்குவதால் அந்த வீட்டில் பாத்திரம் கூடச் சத்தம் போடாது. மகள் கிசுகிசுத்தே வளர்ந்தாள். பள்ளிக்கூடத்தில் டீச்சர், "வாயைத் திறந்து பேசும்மா" என்று எத்தனையோ முறை சொல்லிப் பார்த்தார். இப்போது வேறு ஊரில் வேலைக்குப் போய்விட்டாள். போனில் பேசினாலும் அவள் குரல் பக்கத்து அறையில் யாரோ தூங்குகிற மாதிரிதான் வரும்.

இருபதாவது வருஷம் முடிகிற மாசம் வந்தது. ரொட்டிக்காரர் மூன்று மாசம் முன்னாலேயே முதலாளியிடம் சொல்லி வைத்திருந்தார். ராத்திரி அடுப்புக்கு ஆசைப்பட்ட ஒருத்தர் தயாராக இருந்ததால் முதலாளியும் தலையாட்டினார். கடைசி ராத்திரி முடிந்து வந்த காலையில் அவர் கையில் ரொட்டி இல்லை. கூட வேலை செய்தவர்கள் சுட்டுக் கொடுத்த ஒரு கேக் இருந்தது. மேலே சர்க்கரைப் பாகில் 'குட் மார்னிங்' என்று எழுதியிருந்தார்கள்.

"கிண்டல் பண்றானுங்க" என்றார். முகமெல்லாம் சிரிப்பு.

"நான் இன்னைக்கு பேங்க்குக்குப் போய்ப் பத்திரத்தைக் கேட்டுட்டு வரேன். நீங்க தூங்குங்க" என்றாள் மந்திரி. நல்ல புடவையாகக் கட்டியிருந்தாள். பத்திரத்தை மடிக்காமல் வைத்துக்கொண்டு வர ஒரு பெரிய பையும் எடுத்துக்கொண்டாள். வெளியே மழை தூறிக்கொண்டிருந்தது.

பேங்க்கில் கடன் பிரிவில் இருந்தது ஒரு சின்ன வயசு அம்மா. மந்திரியின் மகளைவிட நாலைந்து வயசுதான் கூட இருக்கும். கம்ப்யூட்டரைப் பார்த்தாள். மறுபடி பார்த்தாள். அப்புறம் நாற்காலியைக் கொஞ்சம் முன்னால் இழுத்துக்கொண்டாள்.

"எப்ப முடியும்னு நினைச்சு வந்தீங்கம்மா?"

"இந்த மாசம்தான் மேடம். இருபது வருஷம் ஆச்சே."

"இன்னும் ஒன்பது வருஷம் இருக்கும்மா."

மந்திரி சிரித்தாள். "வேற யாரோட கணக்கையோ பாக்கறீங்க. நல்லாப் பாருங்க."

அந்த அம்மா வீட்டு விலாசத்தைப் படித்தாள். ரொட்டிக்காரருடைய பேரைப் படித்தாள். மந்திரியின் பேரையும் படித்தாள். யாரும் கூப்பிடாத அந்தப் பேரை இன்னொருத்தர் வாயிலிருந்து கேட்டபோது மந்திரியின் சிரிப்பு நின்றது.

"ஒரு தவணை கூட நாங்க தவறினதில்லையே மேடம். காய்ச்சல்ல கிடந்தப்பக்கூட வந்து கட்டினேன்."

"தவறல. உங்க கணக்கு மாதிரி ஒழுங்கான கணக்கு இங்க அதிகம் இல்ல. வட்டிதான் ரெண்டு தடவை ஏறிடுச்சும்மா. ரெண்டு தடவையும் போன்ல கேட்டிருக்காங்க, தவணையை ஏத்திக்கறீங்களா, இல்ல தவணை அப்படியே இருக்கட்டும், காலத்தை நீட்டலாமான்னு. தவணை ஏறக் கூடாதுன்னு சொல்லியிருக்கீங்க."

சொன்னாள்தான். நன்றாகவே ஞாபகம் இருந்தது. சலவைக்கூடத்தில் விரிப்பு தேய்க்கும் சூட்டு உருளைக்குப் பக்கத்தில் நின்று, ஒரு காதைப் பொத்திக்கொண்டு பேசினாள். "ஒரு காசு ஏத்தக் கூடாது. என்ன ஆனாலும் மாசத்துக்கு இதுதான்" என்று கறாராகச் சொன்னாள். அந்தப் பக்கம் பேசிய பெண், "அப்ப காலம் கொஞ்சம் நீளும், பரவாயில்லையா?" என்று கேட்டாள். "நீளட்டும்" என்றாள். நாலு மாசமோ ஐந்து மாசமோ என்று நினைத்தாள். எவ்வளவு நீளும் என்று கேட்கத் தோன்றவில்லை. எதிராளி இறங்கி வந்துவிட்டாள் என்ற சந்தோஷத்தில் போனை வைத்தாள். வைத்துவிட்டு, விரிப்பு மடிக்கும் அக்காவிடம், "பேங்க்கையே படிய வச்சுட்டேன்" என்று சொன்னாள். அன்று முழுக்கச் சலவைக்கூடத்தில் அதுதான் பேச்சு. வீட்டுக் கடன் வைத்திருந்த இன்னும் இரண்டு பேருக்கு, "நீங்களும் விட்டுக்குடுக்காதீங்க, கறாரா நில்லுங்க" என்று புத்தி வேறு சொன்னாள். இரண்டாவது முறை போன் வந்தபோது எதிராளி கேட்டு முடிக்கும் முன்பே பதில் சொல்லிவிட்டாள்.

"அப்ப ஏத்தியிருந்தா மாசத்துக்கு எவ்வளவு ஏறியிருக்கும்?"

அந்த அம்மா தட்டிப் பார்த்துச் சொன்னாள். மந்திரி வீட்டில் ஒரு வாரத்துக்கு வாங்கும் மளிகை, அவ்வளவுதான்.

"அவ்வளவு கூடக் கட்டியிருந்தா?"

"இந்த மாசத்தோட முடிஞ்சிருக்கும்மா."

மந்திரி கொஞ்ச நேரம் கையில் இருந்த பையை மடித்தாள். மடித்ததைப் பிரித்து மறுபடி மடித்தாள். அப்புறம் வாழ்க்கையில் ஒருமுறை கூடக் கேட்காத கேள்வியைக் கேட்டாள்.

"மொத்தமா இதுவரைக்கும் எவ்வளவு கட்டியிருக்கோம்?"

"வாங்கின கடனைப் போல ரெண்டு மடங்கு."

"பாக்கி?"

"கடன்ல பாதிக்கு மேல இருக்கு. ஆரம்பத்துல கட்டினதெல்லாம் பெரும்பாலும் வட்டிக்கே போயிடும்மா. அசல் அவ்வளவா குறையாது."

"ஒன்பது வருஷமும் கட்டி முடிச்சா?"

"மூணு மடங்கு கிட்ட வரும்."

"ஒரு வீடு வாங்கினோம். மூணு வீட்டுக்குக் காசு குடுத்திருப்போம்" என்றாள் மந்திரி. "மத்த ரெண்டு வீடும் எங்க மேடம் இருக்கு?"

அந்த அம்மா சிரிக்கவில்லை. தன் தண்ணீர் பாட்டிலைத் திறந்து மந்திரியின் பக்கம் நகர்த்தினாள். "நான் உங்களைக் குத்தம் சொல்லலம்மா. நிறையப் பேர் அப்படித்தான் சொல்றாங்க. எங்க அப்பாவும் அப்படித்தான் சொன்னாரு" என்றாள். பிறகு இரண்டு வழி சொன்னாள். இப்படியே விட்டால் ஒன்பது வருஷம். தவணையோடு இன்னும் பாதி சேர்த்துக் கட்டினால் ஐந்து வருஷத்தில் முடிந்துவிடும். யோசித்துவிட்டு வரச் சொன்னாள், அவசரமில்லை என்றாள்.

மந்திரி வீட்டுக்கு வந்தபோது ரொட்டிக்காரர் தூங்கிக்கொண்டிருந்தார். இருபது வருஷப் பழக்கத்தில் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு, சத்தமில்லாமல் உள்ளே போனாள். நனைந்த புடவையைக் கூட மாற்றவில்லை. சமையலறையில் தரையில் உட்கார்ந்து, வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். அந்த வீட்டில் அழுவதென்றாலும் அப்படித்தான் அழ முடியும்.

எழுந்து வந்தவர், "பத்திரம் எங்க?" என்றார்.

"ஒரு மாசம் ஆகுமாம். ஏதோ ஆபீசுக்கு அனுப்பி வாங்கணுமாம்."

"இருபது வருஷம் காத்திருந்தோம், ஒரு மாசம்தானே" என்று சொல்லிவிட்டுக் குளிக்கப் போனார்.

பகல் வேலைக்குப் போக ஆரம்பித்ததும் ரொட்டிக்காரர் ஆளே மாறிப்போனார். விடிகாலையில் போய் மூன்று மணிக்கெல்லாம் வந்துவிடுவார். தன் வீட்டில் சாயங்காலம் எப்படி இருக்கும் என்று அவருக்குத் தெரியாது. புதுசாகக் குடிவந்தவர் மாதிரி ஒவ்வொன்றாகக் கண்டுபிடித்தார்.

"என்ன சத்தம் அது?"

"பக்கத்து வீட்டு மோட்டார். தெனம் இந்த நேரத்துக்குப் போடுவாங்க."

"தெனமுமா? இங்க பாரேன், சமையக்கட்டு ஜன்னல் வழியா வெயில் உள்ள வந்து எதிர்ச் சுவர்ல விழுது. உனக்குத் தெரியுமா?"

"எனக்கு ஏன் தெரியாது? நான் இந்த வீட்டுலதானே இருக்கேன்."

"நானும் இந்த வீட்டுலதான் இருந்தேன்" என்றார் அவர். சொல்லிவிட்டு அவரே சிரித்தார்.

அவள் ஐந்து மணிக்கு வரும்போது அவர் உருளைக்கிழங்கை வேக வைத்து உரித்துத் தயாராக வைத்திருப்பார். இருவரும் பின்பக்கப் படியில் உட்கார்ந்து டீ குடிப்பார்கள். முதல் இரண்டு நாள் என்ன பேசுவதென்று இருவருக்கும் தெரியவில்லை. வாசலில் நின்று மூன்று வார்த்தை பேசிப் பழகியவர்களுக்கு ஒரு முழுச் சாயங்காலம் என்பது பெரிய மைதானம். மூன்றாம் நாள் அவர் பேக்கரிக் கதைகளை எடுத்து விட்டார். மாவு பிசையும் மிஷினுக்குள் முதலாளியின் கைக்கடிகாரம் விழுந்தது, அது ஏதோ ஒரு ரொட்டிக்குள் போய் யாரோ ஒரு வாடிக்கையாளர் வீட்டில் கிடைத்தது, அவர் கடிகாரத்தைத் திருப்பிக் கொடுக்க வந்து, ரொட்டிக் காசையும் திருப்பிக் கேட்டது. அவள் சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"இதெல்லாம் எப்ப நடந்தது?"

"ஆச்சு, பன்னெண்டு பதிமூணு வருஷம்."

"என்கிட்ட சொல்லவே இல்லையே."

"எப்ப சொல்றது? வாசல்லயா?"

அவர் சாதாரணமாகத்தான் சொன்னார். அவள்தான் டம்ளரைக் கீழே வைத்துவிட்டாள். இன்றைக்குச் சொல்லிவிடலாம் என்று தினமும் நினைப்பாள். அவர் முகத்தைப் பார்த்தால் வாய் வராது. ராத்திரியில் அவருக்குத் தூக்கம் வராது, பாவம், உடம்புக்கு இன்னும் புது வழக்கம் பிடிபடவில்லை. புரண்டு புரண்டு படுத்து, "மந்திரி, தூங்கிட்டியா?" என்பார். அவள் முழித்துக்கொண்டே தூங்குகிற மாதிரி கிடப்பாள்.

மகளுக்குப் போன் செய்து விஷயத்தைச் சொன்னாள்.

"நான் மாசாமாசம் ஏதாவது அனுப்பறேன்மா."

"நீ ஒண்ணும் அனுப்ப வேண்டாம். உன் வாழ்க்கையைப் பாரு. உங்க அப்பாகிட்ட எப்படிச் சொல்றதுன்னுதான் கேட்டேன்."

"சொல்லிடும்மா. சண்டை வந்தா வரட்டும். நீங்க ரெண்டு பேரும் சண்டை போட்டுக் கூட நான் பாத்ததில்ல." பிறகு மெதுவாகச் சொன்னாள்: "சின்னதுல எனக்கு விஷக்காய்ச்சல் வந்து ஆஸ்பத்திரியில போட்டீங்களே, ஞாபகம் இருக்கா? நீ அந்தப் பக்கம் உக்காந்திருந்த, அப்பா இந்தப் பக்கம். ஒரு வாரம். எனக்கு அந்தக் காய்ச்சல் போகவே கூடாதுன்னு இருந்துச்சும்மா."

மந்திரி போனை வைத்தாள். மாசத்துக்கு இவ்வளவு என்று அவள் கட்டிய தவணையில் இதெல்லாம் சேர்ந்திருந்ததா என்று நினைத்துப் பார்த்தாள். சேர்ந்துதான் இருந்தது. ரசீதில் மட்டும் வரவில்லை.

சலவைக்கூடத்தில் சூட்டு உருளைக்கு இரண்டு பேர் வேண்டும். ஈரமான விரிப்பை இந்த முனையில் ஒருத்தி, அந்த முனையில் ஒருத்தி பிடித்து, சுருக்கம் இல்லாமல் ஒரே நேரத்தில் உள்ளே விட வேண்டும். ஒருத்தி முந்தினால் துணி கோணும், விரல் சுடும். மறுபக்கம் காய்ந்து வருவதை வாங்கி மடிப்பது மடிப்பு அக்கா. அந்த வாரம் மந்திரி மூன்று முறை முந்தினாள்.

"என்ன மந்திரி, புருஷன் வீட்டுல இருக்காருன்னு கையெல்லாம் அங்கேயே இருக்கா?" என்றாள் மடிப்பு அக்கா. மந்திரியின் கண்ணைப் பார்த்ததும் மடிப்பதை நிறுத்திவிட்டாள். டீ நேரத்தில், சோப்பு மூட்டைகளின் மேல் உட்கார்ந்து, மந்திரி எல்லாவற்றையும் சொன்னாள்.

"அடிப் பாவி" என்றாள் மடிப்பு அக்கா. "பேங்க்கையே படிய வச்சேன்னு சொன்னியேடி."

"சொன்னேன். வீட்டுக் கடன் இருக்கற அந்த ரெண்டு பேருகிட்டயும் வேற சொன்னேன். போய்ச் சொல்லணும் அக்கா, கணக்கைப் பாக்கச் சொல்லணும்."

"அதை அப்புறம் பாக்கலாம். முதல்ல உன் புருஷன்கிட்ட சொல்லு."

"வழி ஒண்ணு பண்ணிட்டுச் சொல்றேன் அக்கா. வெறுங்கையோட போய் எப்படிச் சொல்றது?"

வழியை அவள் ஏற்கெனவே யோசித்து வைத்திருந்தாள். சாயங்காலம் கூடுதல் நேர வேலைக்கு ஆள் கிடைக்காமல் சூப்பர்வைசர் அலைந்துகொண்டிருந்தார். ஆறு மணிக்கு வந்தால் பத்து மணிக்கு முடியும், கூலி ஒன்றரை மடங்கு. மகளின் படிப்புச் செலவு நின்றுவிட்டதால் இரண்டு பேருடைய பகல் சம்பளத்தில் பழைய தவணையை எப்படியும் கட்டிவிடலாம். இந்தக் கூடுதல் வேலை வந்தால் பாதித் தவணையும் சேர்ந்துவிடும். ஒன்பது ஐந்தாகும். அவர் ராத்திரிக்குப் போக வேண்டாம். இரண்டு நாள் திரும்பத் திரும்பக் கணக்குப் போட்டுப் பார்த்தாள், எங்கேயும் இடிக்கவில்லை. சூப்பர்வைசரிடம் போய் ஐந்து வருஷத்துக்கும் நானே வருகிறேன் என்று வாக்குக் கொடுத்தாள். மதியச் சாப்பாட்டு நேரத்தில் பேங்க்குக்கு ஓடினாள், தவணையைக் கூட்டிக் கையெழுத்துப் போட்டாள். திரும்பி வரும்போது மழையில் நனைந்தாலும் மனசு கொஞ்சம் லேசாக இருந்தது. மந்திரி மறுபடியும் மந்திரியாகிவிட்டாள்.

அன்று சாயங்காலம் படியில் உட்கார்ந்து சொன்னாள். மழை விட்டிருந்தது. போன் வந்தது, தான் சொன்னது, ஒன்பது வருஷம், எதையும் மறைக்கவில்லை. அவர் டீ டம்ளரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு கேட்டார். சூடு தாங்கும் கை அது, டீ ஆறியது கூட அதற்குத் தெரியவில்லை.

"ஒன்பது வருஷமா?" என்றார் கடைசியில். "அப்ப எனக்கு அறுபத்து மூணு."

"திட்டுங்க."

"உன்னை எதுக்குத் திட்டறது? கவரைப் பிரிச்சுக்கூடப் பாக்காம குடுத்தவன் நான். ஒரு தடவையாவது, என்னாச்சு அந்தக் கடன்னு கேட்டிருக்கணும். மந்திரின்னு பேர் வச்சுட்டு நிம்மதியாப் போய் ரொட்டி சுட்டேன்." டம்ளரைக் கீழே வைத்தார். "முதலாளிகிட்ட கேட்டுப் பாக்கறேன். அடுப்பை அந்த ஆளுக்குக் குடுத்தாச்சு. ஆனா ராத்திரியில மாவு பிசையற பக்கம் எப்பவும் ஆள் தேவைதான்."

"வேண்டாம். நீங்க போக வேண்டாம். அதுக்குத்தான் நான் வழி பண்ணிட்டேன்."

அவள் தன் கணக்கைச் சொன்னாள். ஆறு மணி, பத்து மணி, ஒன்றரை மடங்கு, ஒன்பது வருஷம் ஐந்தாகிவிடுவது. சொல்லச் சொல்ல அவள் குரலில் பழைய தெம்பு வந்தது. "நாளையிலிருந்து போறேன். பேங்க்லயும் கையெழுத்துப் போட்டாச்சு. நீங்க பாட்டுக்கு வீட்டுல நிம்மதியா இருங்க" என்று முடித்தாள்.

பக்கத்து வீட்டு மோட்டார் ஓடி நின்றது.

"என்னைக் கேட்டியா?"

"எதை?"

"கையெழுத்துப் போடறதுக்கு முன்னால என்னைக் கேட்டியா?"

"உங்களுக்காகத்தானே பண்ணினேன். சாயங்காலம் வீட்டுல இருக்கணும்னு நீங்கதானே இத்தனை வருஷமா சொன்னீங்க?"

"சொன்னேன். வீட்டுல இருக்கணும்னுதான் சொன்னேன்." அவர் அவளைப் பார்க்காமல், துணி காயும் கயிற்றைப் பார்த்துக்கொண்டு பேசினார். "நீ இல்லாத வீட்டுல நான் யாரோட உக்காந்து டீ குடிக்கறது? மோட்டார் சத்தத்தைக் கேட்டுக்கிட்டுப் பத்து மணி வரைக்கும் சுவரைப் பாத்துக்கிட்டு இருக்கணுமா? நீ வர்ற நேரத்துக்கு நான் தூங்கணும், விடிகாலையில போகணும். மறுபடியும் வாசல்லதான் பாத்துக்கணும் மந்திரி."

அவளுக்கு அப்போதுதான் உறைத்தது. எல்லாவற்றையும் கூட்டிக் கழித்துப் பார்த்தாள், இதை மட்டும் சேர்க்கவில்லை. எந்த ஒன்றுக்காக இத்தனையும் செய்தாளோ அதையே எடுத்து விற்றுவிட்டு வந்திருந்தாள். அழுகை கூட வரவில்லை.

"இப்ப மாத்த முடியாதா?" என்றார்.

"பேங்க்ல கூட்டியாச்சு. திரும்பக் குறைச்சா மறுபடி ஒன்பது. சூப்பர்வைசர் என்னை நம்பிப் பேரை எழுதிட்டாரு."

"சரி விடு" என்றார். எழுந்து போய் அவளுடைய டம்ளரையும் எடுத்துக் கழுவி வைத்தார். அன்று ராத்திரி அவர், தூங்கிட்டியா என்று கேட்கவில்லை. அவள் அதற்காகக் காத்துக்கொண்டு முழித்திருந்தாள்.

மறுநாள் மழை சாயங்காலம் வலுத்துவிட்டது. ஐந்து மணிக்கு வந்து, அவர் போட்டு வைத்திருந்த டீயை நின்றபடியே குடித்துவிட்டு அவள் மறுபடி கிளம்பினாள். அவர் குடையை எடுத்தார்.

"நீங்க எதுக்கு? ஓய்வெடுங்க."

"சும்மாதானே இருக்கேன். வா."

ஒரே குடைக்குள் நடந்தார்கள். அவளுக்கு இடம் விட்டு அவர் ஒரு பக்கம் நனைந்தார். தெரு முழுக்கத் தண்ணீர். சாக்கடை ஓரம் வந்தபோது அவள் கையைப் பிடித்துத் தாண்ட வைத்தார், தாண்டிய பிறகும் விடவில்லை. இருவரும் பேசவில்லை. பேசினால் வழி சீக்கிரம் முடிந்துவிடும் என்று அவளுக்குத் தோன்றியது. பேசாமலும் முடிந்துவிட்டது.

சலவைக்கூடத்து கேட்டில் காவல்காரர் எட்டிப் பார்த்தார். "அட, ஷிப்ட்டு வீட்டு ஆளுங்க ரெண்டு பேரும் ஒண்ணாவா? மழை சும்மா பெய்யல" என்றார்.

ரொட்டிக்காரர் சிரித்தார். "பத்து மணிக்குத்தானே முடியும்?" என்று அவளிடம் கேட்டார்.

"பத்துதான். நீங்க முழிச்சிருக்காதீங்க. சாப்பிட்டுட்டுப் படுங்க."

"சரி. உள்ள போ, நனையாத."

அவள் உள்ளே போய்த் தலையைத் துடைத்துக்கொண்டு உருளைக்கு முன்னால் நின்றாள். சாயங்கால வேலைக்கு ஜோடி ஒரு புதுப் பெண். உருளைக்கு நேர் எதிரே ஜன்னல், ஆவி படிந்து மங்கலாக இருந்தது. அவள் கையால் துடைத்துவிட்டு வெளியே பார்த்தாள். மழைக்குள் அந்தக் குடை மெதுவாகப் போய்க்கொண்டிருந்தது. நாற்சந்தியில் இடது பக்கம் திரும்பினால் வீடு. அவர் அங்கே நின்றார். ஒரு லாரி போகட்டும் என்று நிற்கிறாரோ என்று பார்த்தாள். லாரி போனது. அதற்கப்புறமும் நின்றார். பிறகு இடது பக்கம் திரும்பாமல் நேராக நடந்தார்.

நேராகப் போனால் பேக்கரிதான், அந்தப் பக்கம் அவருக்கு வேறு வேலையில்லை. அவள் ஜன்னலைத் தட்டினாள். கண்ணாடிக்கும் மழைக்கும் அந்தப் பக்கம் அது கேட்டிருக்காது.

"அக்கா, துணி" என்றாள் புதுப் பெண். விரிப்பின் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தாள்.

மந்திரி மறு முனையைப் பிடித்தாள். இருவரும் ஒன்றாக உள்ளே விட்டார்கள், துணி சுருக்கமில்லாமல் போனது. ராத்திரி பத்து மணிக்கு அவள் போய், பூட்டியிருக்கும் வீட்டைத் திறப்பாள். அவர் விடிந்து வந்து திறப்பார். அவர் ராத்திரிப் பணமும் சேர்ந்தால் ஐந்து வருஷம் மூன்றரையாகும் என்று அவள் மனசு கணக்குப் போட்டது. போடாதே, போடாதே என்று சொல்லிக்கொண்டே அடுத்த விரிப்பை எடுத்தாள். கணக்கு நிற்கவில்லை.